நொமென்கிளத்தூரா: ஒரு சொல்லின் வரலாறும் ஓர் ஆளும் வர்க்கத்தின் தோற்றமும்

பண்டைய உரோமில் பொதுவாழ்வில் ஈடுபட்ட பெருங்குடியினர் தெருவில் செல்லும்போது அடிமை ஒருவனை உடன் அழைத்துச் செல்வது வழக்கம். எதிர்ப்படுவோர் இன்னார் எனத் தலைவனின் காதில் சொல்வது அவன் தொழில். தேர்தலில் நிற்பவர் வாக்காளரைப் பெயர் சொல்லி விளிக்க வேண்டியிருந்தமையால் இத்தொழிலுக்கு மதிப்பிருந்தது. இலத்தீனில் அவன் 'நோமென்கிளாத்தோர்', அதாவது பெயர் சொல்லி அழைப்பவன். இச்சொல்லோடு உறவுடைய பெயர்ச்சொல் ஒன்று பிற்காலத்தில் தாவரவியல், வேதியியல் முதலிய துறைகளின் பெயரீட்டு முறையைக் குறிக்க ஐரோப்பிய மொழிகள் பலவற்றில் வழங்கலாயிற்று. ரஷ்ய மொழியில் அது 'நொமென்கிளத்தூரா' என்றாகிக் கலைச்சொல் தொகுதியையும், ஓர் ஆலை செய்யும் பொருள்களின் வரிசைப் பட்டியலையும் குறித்தது. இன்றும் ரஷ்யக் கிடங்குக் கணக்கர் இச்சொல்லைச் சரக்குப் பட்டியல் என்னும் பொருளில் ஆள்வர்.

இத்தகைய எளிய அலுவலகச் சொல் ஒன்று 20ஆம் நூற்றாண்டில் ஓர் ஆளும் வர்க்கத்தின் பெயராக மாறிய வரலாறு மொழியியலாருக்கும் மொழிபெயர்ப்பாளருக்கும் ஒருங்கே பயன்படுவதாகும். அப்பொருள் மாற்றத்தின் படிகள் தெளிவானவை. முதலில் பட்டியல், அடுத்துக் கட்சி தன் ஒப்புதலின்றி நிரப்பக்கூடாது என வரையறுத்த பதவிகளின் பட்டியல், பின்னர் அப்பதவிகளில் அமர்ந்தோர், இறுதியில் அவர்களும் அவர்தம் குடும்பத்தாரும் அடங்கிய சமூகப் பிரிவு. 'ஊர் திரண்டது' என்னுமிடத்து ஊர் என்பது ஊராரைக் குறித்தல் போலப் பட்டியல் என்பது பட்டியலில் உள்ளாரைக் குறித்தது. தமிழிலக்கணம் இடவாகுபெயர் எனக் கூறும் நெறியோடு இது ஒத்துச் செல்கிறது. ஆனால் ஊர் இருந்து ஊரார் பிரிவதில்லை. இங்கோ பட்டியல் நிலைத்திருக்க, அதில் இருந்தோர் அழிக்கப்பட்ட காலமும் உண்டு. அதனைக் கீழே காணலாம்.

பட்டியல் பிறந்த வகை

1917 நவம்பர் புரட்சியை அடுத்து லெனின் அரசு வெளியிட்ட தொடக்ககால ஆணைகளுள் ஒன்று மக்கள் ஆணையர்களின் ஊதியத்தைத் திங்களுக்கு 500 ரூபிளுக்கு மேற்படாதவாறு வரையறுத்தது. வேலை செய்ய இயலாத குடும்பத்தார் ஒவ்வொருவருக்கும் 100 ரூபிள் கூடுதலாக அளிக்கப்பட்டது. 1871ஆம் ஆண்டின் பாரிசுக் கம்யூன் தன் அலுவலர்க்குத் தொழிலாளியின் ஊதியமே வழங்கும் என அறிவித்ததை முன்மாதிரியாகக் கொண்டு, அரசு அலுவலர் யாவரும் தேர்ந்தெடுக்கப்படவும் எந்நேரமும் திருப்பியழைக்கப்படவும் உரியவர் என்னும் கருத்தை லெனின் 'அரசும் புரட்சியும்' நூலில் வலியுறுத்தியிருந்தார். எனவே சலுகை பெற்ற ஆட்சியாளர் குழு ஒன்று உருவானதற்குக் கொள்கையில் இடமிருந்தது எனக் கூறிவிட முடியாது. அது வேறொரு வழியில் நுழைந்தது.

உள்நாட்டுப் போர்க்காலத்தில் கட்சியினரை முனைக்கு முனை அனுப்ப வேண்டியிருந்தது. 1919இல் நடைபெற்ற எட்டாம் பேராயம் அரசியற்குழு, அமைப்புக்குழு, செயலகம் ஆகியவற்றை நிலைப்படுத்தியது. யார் எங்கே இருக்கிறார், எதற்குத் தகுதியுடையார் என்னும் கணக்கை வைத்திருப்பது செயலகத்தின் கீழிருந்த 'பதிவு மற்றும் பகிர்மானத் துறை'யின் வேலை. கோப்புகளைப் புரட்டும் இவ்வேலையைப் புகழ்பெற்ற பேச்சாளர்களும் கோட்பாட்டாளர்களும் விரும்பவில்லை. 1921 மார்ச்சில் கட்சிக்குள் தனிக்குழுக்கள் அமைவது தடை செய்யப்பட்டது. 1922 ஏப்ரலில் ஸ்டாலின் பொதுச்செயலாளரானார். 1923இல் மையக்குழுவின் நியமனப் பட்டியல்கள் முறையாக வரையப்பட்டன. முதற்பட்டியலில் உள்ள பதவிகளை மையக்குழுவின் முடிவின்றி நிரப்பவோ நீக்கவோ இயலாது; இரண்டாம் பட்டியலில் உள்ளவற்றில் முன்னதாகத் தெரிவித்தால் போதும். நாளடைவில் குடியரசு, மாநிலம், மாவட்டம் என ஒவ்வொரு படிநிலைக் கட்சிக் குழுவும் தனக்கெனப் பட்டியல் ஒன்றைப் பெற்றது.

பட்டியலில் அமைச்சகப் பதவிகள் மட்டும் இல்லை. ஆலை மேலாளர், பல்கலைக்கழகத் தலைவர், செய்தித்தாள் ஆசிரியர், படைத்தலைவர் ஆகியோருடன் சட்டப்படி தேர்தலால் நிரப்பப்பட வேண்டிய பதவிகளும் இருந்தன. தொழிற்சங்கச் செயலாளர், சோவியத் தலைவர், கூட்டுப்பண்ணைத் தலைவர் ஆகியோரை உறுப்பினர்கள் 'தேர்ந்தெடுப்பர்'. கட்சிக் குழு 'பரிந்துரைக்கும்'. 'பரிந்துரை' என்னும் வினை சோவியத் அலுவல் மொழியில் 'நியமி' என்பதன் மறுபெயராயிற்று. சோவியத் ஆவணம் ஒன்றை மொழிபெயர்ப்பவர் அகராதிப் பொருளை மட்டும் நம்பினால் அதிகாரம் இருந்த இடத்தையே தவறவிடுவார்.

இம்முறையின் விளைவு ஒரு சுழற்சி. செயலகம் மாநிலச் செயலாளர்களை அமர்த்துகிறது. அச்செயலாளர்கள் தம் பகுதியிலிருந்து பேராயத்துக்குச் செல்லும் பேராளர்களை அமைக்கின்றனர். பேராயம் மையக்குழுவையும், மையக்குழு செயலகத்தையும் தேர்கின்றன. வெளியிலிருந்து எவரும் இவ்வட்டத்துள் நுழைய வழியில்லை. 1924இல் லெனின் மறைந்தபோது இவ்வட்டம் ஏறத்தாழ மூடப்பட்டுவிட்டது.

ஊதியமன்று, நுழைவுரிமை

கட்சி உறுப்பினருக்கு விதிக்கப்பட்ட ஊதிய உச்சவரம்பு 1920களில் நடைமுறையில் இருந்தது. 1931 ஜூனில் தொழில்துறை மேலாளர் கூட்டத்தில் ஸ்டாலின் ஊதியச் சமன்பாட்டைக் கண்டித்துப் பேசினார். 'உரவ்னீலவ்க்கா' என்னும் சொல், எல்லாரையும் ஒரே மட்டமாக்குதல் என்னும் இகழ்ச்சிப் பொருளுடன் அன்றுமுதல் அரசியல் வசைச்சொல்லாயிற்று. மறு ஆண்டில் கட்சி உச்சவரம்பும் கைவிடப்பட்டது.

ஆயினும் சோவியத் ஆட்சியாளரின் சலுகையை ஊதியத்தால் அளக்க முனைவோர் ஏமாறுவர். 1929 முதல் 1935 வரை உணவுப் பங்கீடு நடைமுறையில் இருந்தது; அதற்குப் பின்னரும் தட்டுப்பாடு நீங்கவில்லை. கடையில் பண்டம் இல்லாதபோது கையிலுள்ள பணத்துக்குப் பொருளில்லை. எந்தக் கதவு யாருக்குத் திறக்கும் என்பதே செல்வம். பேச்சுமொழி இதனைத் துல்லியமாகப் பதிவு செய்தது. மக்கள் பண்டங்களை 'வாங்கினோம்' எனச் சொல்வது குறைந்து, 'தஸ்தாத்' என்னும் வினையால், அதாவது எப்படியோ எட்டிப் பிடித்தோம் என்னும் பொருளில், குறிக்கலாயினர். அறிமுகம், செல்வாக்கு, கைம்மாறு ஆகியவற்றால் காரியம் முடிப்பது 'பிளாத்' எனப்பட்டது. குற்றவாளிகளின் குழூஉக்குறியிலிருந்து பொதுவழக்குக்கு வந்த சொல் இது.

பட்டியலில் இருந்தோர் 'எட்டிப் பிடிக்க' வேண்டியதில்லை. அவர்களுக்கென மூடிய பகிர்மானக் கடைகள் இருந்தன. மாஸ்கோவில் கிரனோவ்ஸ்கித் தெருவில் பெயர்ப்பலகை ஏதுமின்றி இயங்கிய நிலையத்தில் 'கிரெம்ளின் பங்கு' வழங்கப்பட்டது. நலவாழ்வு அமைச்சகத்தின் நான்காம் தலைமைத் துறை அவர்களுக்கெனத் தனி மருத்துவமனைகளை நடத்தியது. ஸ்டாலின் காலத்தில் உயர் அலுவலர் சிலருக்குத் திங்கள்தோறும் உறையிலிட்ட பணம், கணக்கில் காட்டப்படாமல் வழங்கப்பட்டது. அது 'பகேத்' என்றே அழைக்கப்பட்டது. மேசைமேல் இருந்த 'வெர்த்தூஷ்க்கா' என்னும் தொலைபேசி மற்றொரு அடையாளம். இணைப்பாளரின் துணையின்றித் தானே எண் சுழற்றிப் பேசத்தக்கதாக இருந்தமையால் அப்பெயர் பெற்ற அக்கருவி, எல்லாத் தொலைபேசிகளும் சுழற்றுவனவாக மாறிய பின்னும் பெயரை விடவில்லை. ஒருவரின் தகுதியை அறிய அவர் மேசையில் அது உண்டா என்று பார்த்தால் போதும்.

சொல்லாக்க நோக்கில் கருதத்தக்கது 'ஸ்பெத்ஸ்' என்னும் முன்னொட்டு. 'தனிச்சிறப்பான' என்னும் பொருளுடைய சொல்லின் குறுக்கமான இது தனிப்பங்கு, தனிக்கடை, தனிமருத்துவமனை ஆகிய சலுகைச் சொற்களை ஆக்கியது. அதே முன்னொட்டு, 1930களில் தம் ஊர்களிலிருந்து பெயர்த்துச் சைபீரியாவுக்கும் கசாக்ஸ்தானுக்கும் அனுப்பப்பட்ட உழவர்களைக் குறித்த 'தனிக்குடியேறிகள்' என்னும் சொல்லையும், பொதுவாசகர் தொடக்கூடாத நூல்களை நூலகங்களில் அடைத்து வைத்த 'தனிக்காப்பகம்' என்னும் சொல்லையும் ஆக்கியது. சலுகையும் தண்டனையும் ஒரே உருபனால் குறிக்கப்பட்டமை தற்செயல் எனத் தோன்றவில்லை. இரண்டும் பொதுச்சட்டத்துக்குப் புறம்பானவை. இரண்டையும் ஒரே கை வழங்கியது.

இங்கு ஒன்று சொல்ல வேண்டும். மேலை நாட்டுச் செல்வரின் வாழ்வோடு ஒப்பிட்டால் இச்சலுகைகளில் பல அற்பமானவை. நல்ல இறைச்சி, மூன்றறை வீடு, நாட்டுப்புற மாளிகையில் கோடை, வெளிநாட்டு மருந்து என்னும் அளவில் நின்றவை அவை. அவற்றின் வன்மை அளவில் இல்லை. மறைவிலும், பதவி போனால் அனைத்தும் போகும் என்னும் அச்சத்திலும் இருந்தது.

அவ்வச்சம் வெறுங்கற்பனையன்று. மாஸ்கோ ஆற்றங்கரையில் பரீஸ் இயோஃபானின் திட்டப்படி 1931இல் கட்டி முடிக்கப்பட்ட 505 இல்லங்கள் கொண்ட மாளிகை புதிய ஆட்சியாளரின் குடியிருப்பாகும். 1937, 1938ஆம் ஆண்டுகளில் இரவுதோறும் அங்கிருந்தோர் பலர் கைதாயினர். 1934இல் கூடிய பதினேழாம் பேராயத்தின் பேராளர் 1,966 பேரில் 1,108 பேர் கைது செய்யப்பட்டனர் என்றும், அப்பேராயம் தேர்ந்த மையக்குழுவின் 139 உறுப்பினர், மாற்று உறுப்பினருள் 98 பேர் சுட்டுக்கொல்லப்பட்டனர் என்றும் குருஷ்சேவ் 1956இல் தம் மறைவுரையில் வெளியிட்டார். ஆட்கள் அழிந்தனர், பதவிகள் அழியவில்லை. ஒழிந்த இடங்களில் தொழிற்கல்வி பெற்ற இளைஞர் விரைந்து ஏற்றப்பட்டனர். பிரஷ்னேவ், கோசிகின், குரோமிக்கோ ஆகியோர் அவ்வாறு மேலெழுந்தவரே. பட்டியலே நிலையானது, பெயர்கள் மாறத்தக்கன என்பதை அத்தலைமுறை நன்கு கற்றிருந்தது.

ஆகவே 1953க்குப் பின் அவர்கள் நாடியது கூடுதல் வசதியன்று, பாதுகாப்பு. குருஷ்சேவ் 1961இல் புதுக்கிய கட்சி விதிகள், ஒவ்வொரு தேர்தலிலும் மையக்குழுவில் குறைந்தது நான்கில் ஒரு பங்கினர் மாற வேண்டும் என்றன. கீழ்க்குழுக்களுக்கு இதனினும் மிகுந்த பங்கு விதிக்கப்பட்டது. 1964 அக்டோபரில் அவர் நீக்கப்பட்டதற்குக் காரணம் பல. எனினும் 1966இல் கூடிய பேராயம் அவ்விதியை எடுத்துவிட்டமை எக்காரணத்தின் எடை மிகுதி என்பதைக் காட்டுகிறது. பின்னர் வந்த 'ஊழியர் நிலைபேறு' என்னும் முழக்கத்தின் நடைமுறைப் பொருள், பதவியில் இருப்போர் இறக்கும்வரை அங்கிருக்கலாம் என்பதே. பதவியைப் பிள்ளைக்கு எழுதிவைக்க முடியாவிடினும், மாஸ்கோ பன்னாட்டுறவுக் கழகம் போன்ற கல்வி நிலையங்களில் இடமும் அதன்வழி வெளிநாட்டுப் பணியும் பிள்ளைகளுக்குக் கிட்டின.

வர்க்கமா, படலமா

இப்பிரிவினரை என்னவென்று அழைப்பது? 1936 நவம்பரில் புதிய அரசமைப்பை முன்வைத்துப் பேசிய ஸ்டாலின், சோவியத் சமூகத்தில் தொழிலாளர், உழவர் என நட்புடைய வர்க்கங்கள் இரண்டே உள்ளன என்றார். அறிவுத்துறையினர் வர்க்கமல்லர், 'புரஸ்லோய்க்கா', அதாவது இடைப்படலம் என்றார். மக்கட்தொகைக் கணக்கெடுப்பில் மாநிலச் செயலாளரும் அஞ்சலக எழுத்தரும் 'பணியாளர்' என்னும் ஒரே தலைப்பில் அடங்கினர். ஆட்சியாளரைத் தனியே சுட்டும் சொல் அலுவல் மொழியில் இல்லை. பெயரில்லாத ஒன்றைப் பற்றிப் புள்ளிவிவரமும் திரட்ட முடியாது.

பெயரிட முயன்றோர் அதற்கு முன்பே இருந்தனர். பக்கூனின் 1870களிலேயே மார்க்சியரின் அரசு அறிஞராட்சியாக முடியும் என எச்சரித்தார். கட்சிக்குள்ளிருந்து எழுந்த குரல்களில் ஆழமானது கிறிஸ்தியான் ரக்கோவ்ஸ்கியுடையது. 1928இல் அஸ்திரகானில் நாடு கடத்தப்பட்ட நிலையில் எழுதிய மடலில், ஒரு வர்க்கம் ஆட்சியைப் பிடித்ததும் அதன் ஒரு பகுதி அதிகாரத்தின் முகவராகிறது என்றும், தொடக்கத்தில் வெறும் பணிப் பகுப்பாக இருந்த வேறுபாடு பின்னர்ச் சமூக வேறுபாடாக உறைகிறது என்றும் விளக்கினார். சொஸ்னோவ்ஸ்கி என்னும் இதழாளர் கிண்டலாகக் கூறிய 'மோட்டார்வண்டி–அந்தப்புரக் காரணி'யையும் அம்மடல் நினைவூட்டியது. சொஸ்னோவ்ஸ்கி 1937இலும் ரக்கோவ்ஸ்கி 1941இலும் சுட்டுக்கொல்லப்பட்டனர்.

டிராட்ஸ்கி 1936இல் எழுதி முடித்த 'காட்டிக்கொடுக்கப்பட்ட புரட்சி' நூலில் இவ்வாட்சியாளரை வர்க்கம் என ஏற்க மறுத்தார். உற்பத்திச் சாதனங்களில் தனியுடைமை இல்லை, பங்குப் பத்திரம் இல்லை, மரபுரிமை இல்லை, ஆகவே அது ஒட்டிப் படர்ந்த படலமே என்பது அவர் வாதம். பிள்ளைக்கு விட்டுச்செல்ல முடியாத சலுகை பாதிச் சலுகையே என்பதால், அவர்கள் என்றேனும் உடைமையை நாடியே தீர்வர் எனவும் அதே நூலில் முன்னுரைத்தார்.

இவ்விடத்தில் தமிழ் மொழிபெயர்ப்பாளர் ஒரு முட்டுச்சந்தில் நிற்கிறார். தமிழ் மார்க்சிய எழுத்தில் 'பியூரோக்ரசி' என்பதற்குப் பெருவழக்கான தொடர் 'அதிகார வர்க்கம்'. அதைக் கொண்டு டிராட்ஸ்கியை மொழிபெயர்த்தால் 'அதிகார வர்க்கம் ஒரு வர்க்கம் அன்று' என்னும் முரண் பிறக்கும். மாறாக, அது வர்க்கமே என வாதிடும் ஜிலாசை மொழிபெயர்த்தால் அவர் வாதம் கூறியது கூறலாகிவிடும். இரு வழியிலும் நூலின் மையக் கேள்வி, கேட்கப்படும் முன்னரே தமிழில் விடை பெற்றுவிடுகிறது. 'ககர வருக்கம்' என்பதிற்போல இனத்தொகுதி என்னும் பழைய பொருளில் இத்தொடர் அமைந்தது எனக் கொள்ள இடமுண்டு. ஆனால் மார்க்சிய நூலைப் படிப்பவர் 'வர்க்கம்' என்பதை அப்பொருளில் படிப்பதில்லை. இலங்கைத் தமிழ் டிராட்ஸ்கிய எழுத்தில் வழங்கும் 'அதிகாரத்துவம்' என்னும் ஆக்கம் இவ்வகையில் மேலானது. டிராட்ஸ்கி ஆளும் 'காஸ்தா' என்னும் சொல்லோ இதனினும் இடர் தருவது. தன்னலம் காக்கும் மூடிய குழு என்பதே அவர் கருதியது. 'சாதி' எனப் பெயர்த்தால், அவர் எதனை இல்லையென்று வாதிட்டாரோ அந்தப் பிறப்புரிமையே தமிழ் வாசகர் மனத்தில் முதலில் தோன்றும்.

'ஊழியர்' என்னும் சொல்லும் இத்தகையதே. பிரெஞ்சில் சட்டகத்தைக் குறித்த 'காத்ர்' ரஷ்ய மொழியில் 'காத்ரி' எனப் பன்மையில் வழங்கிப் பயிற்சி பெற்ற பணியாளரைக் குறித்தது. ஊழியர்களே எல்லாவற்றையும் தீர்மானிப்பவர் என்னும் பொருள்பட ஸ்டாலின் 1935 மே மாதத்தில் அறிவித்தபோது அது ஆள்வோரின் பெயராயிற்று. தமிழில் கட்சி ஊழியர், அரசு ஊழியர் இருவருக்கும் அடிச்சொல் ஒன்றே. அது தொண்டு செய்வோன் என்னும் பொருளையும் விடவில்லை. மாஸ்கோ முன்னேற்றப் பதிப்பகம் போன்றவற்றின் தமிழ் நூல்கள்வழிச் சோவியத்தை அறிந்த வாசகருக்கு, ஊழியர் எனக் கண்ணில் பட்டவர் ஆள்பவர் எனப் புலப்படாமற்போனதில் இச்சொல்லுக்கும் பங்குண்டு.

வர்க்கம் என்று துணிந்து சொன்னவர் மிலோவான் ஜிலாஸ். யுகோஸ்லாவியக் கூட்டாட்சியின் துணைத்தலைவர்களுள் ஒருவராயிருந்த இவர், உயர் அலுவலர் ஒருவரை மணந்த இளம் நடிகையை ஏனைய தலைவர்களின் மனைவியர் ஒதுக்கிவைத்ததைப் பற்றி 1954 ஜனவரியில் எழுதிய கட்டுரை பெரும் சினத்தைக் கிளறியது. அம்மாதமே மையக்குழுவிலிருந்து நீக்கப்பட்டார். புரட்சிவீரரின் இல்லங்கள் குடிப்பிறப்புப் பார்க்கும் வட்டமாக மாறிவிட்டதை ஒரு விருந்தறைச் செய்தியிலிருந்து காட்டிய இக்கட்டுரை, கோட்பாட்டு நூல்கள் பலவற்றைவிடக் கூர்மையானது. ஹங்கேரி எழுச்சியை ஆதரித்ததற்காக 1956இல் சிறைப்பட்டார். அவர் சிறையிலிருந்தபோதே 1957இல் நியூயார்க்கில் 'புதிய வர்க்கம்' வெளிவந்தது, தண்டனை நீண்டது. உடைமை என்பது உரோமானியச் சட்டப்படி ஒன்றைப் பயன்படுத்தல், துய்த்தல், கையாளல் ஆகிய உரிமைகளே. இம்மூன்றையும் தேசவுடைமையின்மீது செலுத்துவோர் யாரோ அவரே உடைமையாளர் என்பது அவர் வாதத்தின் அச்சாணி. தனிமனிதராக எவரும் உடையரல்லர், கூட்டாக அனைவரும் உடையர் என்னும் நிலையை மார்க்சியக் கலைச்சொல் காண முடியாதிருந்ததை இவ்வரையறை வெளிப்படுத்தியது.

'நொமென்கிளத்தூரா' என்னும் சொல்லை உலகறியச் செய்தவர் மிகயில் வொஸ்லென்ஸ்கி. நூரம்பெர்க் வழக்கில் சோவியத் தரப்பில் மொழிபெயர்ப்பாளராகப் பணியாற்றிய இவர் 1972இல் மேற்கு ஜெர்மனியில் தங்கிவிட்டார். 1980இல் ஜெர்மன் மொழியில் வெளிவந்த இவருடைய நூல், அவ்வர்க்கத்தினர் ஏறத்தாழ 7,50,000 பேர், குடும்பத்தாருடன் 30 இலட்சம் பேர் எனக் கணித்தது. கணிப்பு விவாதத்துக்குரியது; நூலின் நடையிலும் வழக்காடும் தொனி மிகுதி. ஆனால் அகத்தே இருந்தவருக்கே வாய்க்கும் மொழியறிவு அதில் உண்டு. புறத்தார் புனைந்த பெயர்களை விடுத்து, அவ்வாட்சியாளர் தம் கோப்பில் தாமே எழுதிய சொல்லை எடுத்து அவர்களுக்கே பெயராகச் சூட்டினார்.

பிற நாடுகளில்

சீனத்தில் இம்முறை 1950களின் நடுவில் புகுந்தபோது சொல் கடன் வாங்கப்படவில்லை. 'பதவிப் பெயர்ப் பட்டியல்' என நேரே மொழிபெயர்க்கப்பட்டது. 1956இல் அரசுப் பணியாளர் 30 படிநிலைகளாக வகுக்கப்பட்டனர். 13ஆம் படிக்கு மேற்பட்டோர் உயர் ஊழியர். 1968 ஜனவரியில் யாங் சிகுவாங் என்னும் ஹூனான் மாணவர் இவர்களைச் 'செம்முதலாளி வர்க்கம்' என எழுதிப் பத்தாண்டு சிறையிருந்தார். அவரே பின்னாளில் யாங் சியாவ்காய் என்னும் பெயரில் பொருளியலறிஞராகப் புகழ்பெற்றார். சோவியத் நாட்டில் மறைந்த பட்டியல் முறை சீனத்தில் இன்றும் இயங்குகிறது.

போலந்தில் குரோனும் மொட்ஸெலெவ்ஸ்கியும் 1965இல் கட்சிக்கு எழுதிய திறந்த மடலில் 'மைய அரசியல் அதிகாரத்துவம்' ஆளும் வர்க்கமே என வாதிட்டு முறையே மூன்றும் மூன்றரையும் ஆண்டுச் சிறைத்தண்டனை பெற்றனர். 1980 ஆகஸ்டில் கதான்ஸ்க் கப்பல்கட்டுந்தளத் தொழிலாளர் முன்வைத்த 21 கோரிக்கைகளுள் ஒன்று, தலைமைப் பதவிகளைக் கட்சி உறுப்பாண்மை பாராது தகுதியால் நிரப்புக, காவல்துறைக்கும் கட்சி அலுவலர்க்கும் உள்ள தனிச்சலுகைகளையும் தனி விற்பனையையும் ஒழிக்க என்பதாகும். அறிஞர் நூல்களில் இருந்த பொருள் அங்கே தொழிலாளரின் வாய்ச்சொல்லாயிற்று.

மாஸ்கோவில் இது வெளிப்படையாக அச்சேற 1986 பிப்ரவரி வரை காத்திருக்க வேண்டியிருந்தது. 'பிராவ்தா' தொகுத்து வெளியிட்ட வாசகர் மடல்கள் தனிக்கடைகளையும் தனி உணவகங்களையும் சாடின. மையக்குழுவுக்கும் தொழிலாளருக்கும் இடையே அசைவற்றுக் கிடக்கும் பிரிவினரைக் குறிக்க அங்கு ஆளப்பட்ட சொல்லும் 'ஸ்லோய்', படலம் என்பதே. ஸ்டாலின் 1936இல் விட்டுச்சென்ற சொற்குடும்பத்துக்கு அப்பால் செல்ல அப்போதும் இயலவில்லை. சில நாள்களில் கூடிய பேராயத்தில் லிகச்சேவ் அவ்விதழைக் கண்டித்தார். 1990 மார்ச்சில் அரசமைப்பின் ஆறாம் பிரிவு திருத்தப்பட்டுக் கட்சியின் தலைமைநிலை நீங்கியது. 1991இல் கட்சியே தடை செய்யப்பட்டது.

பட்டியல் போயிற்று, அதிலிருந்தோர் பலர் வங்கிகளிலும் ஆலைகளிலும் உடைமையாளராக மீண்டும் தோன்றினர். 'தனியார்மயம்' எனப் பொருள்படும் 'பிரிவத்திஸாத்சியா' என்னும் சொல்லைப் 'பிரிஹ்வத்திஸாத்சியா' எனத் திரித்து, கைப்பற்றிக்கொள்ளுதல் என்னும் வினையை அதனுள் நுழைத்தனர் ரஷ்யர். போலந்து மக்கள் வேறு சொல்லைத் தேர்ந்தனர். 1864இல் ரஷ்யப் பேரரசின் ஆணையால் போலந்து உழவர்கள் தாம் உழுத நிலத்துக்கு உரிமை பெற்றதைக் குறிக்க அவர்கள் மொழியில் 'உவ்லாஷ்ச்சேனியே' என்னும் சொல் உண்டு. உடைமையற்றவரை உடைமையாளர் ஆக்குதல் என்பது அதன் பொருள். 1989ஐ ஒட்டிய ஆண்டுகளில் ஆலைகள் கட்சி அலுவலர் கைக்கு மாறியதை அவர்கள் 'நொமென்கிளத்தூராவின் உவ்லாஷ்ச்சேனியே' என்றனர். இத்தொடரைத் தமிழாக்க முனைவோர், உழுதவனுக்கு நிலம் என்பதை நினைவூட்டும் சொல் ஒன்றைத் தேட வேண்டியிருக்கும்.